மல்யுத்த கேமில் முகம் மாற்றுவது எப்படி? திண்டிவனம் சிடிக்கள் சொல்லும் கதை

எந்த மல்யுத்த வீடியோ கேமைத் திறந்தாலும், ஆட்டம் தொடங்கும் முன் ஒரு திரை வரும். வரிசையாகச் சின்னச் சின்ன முகங்கள், அதில் ஒருவரைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அந்த முகப்படத்துக்கு போர்ட்ரெய்ட் என்று பெயர். இடுப்புவரை உருவம் தெரிந்தால் ரெண்டர் என்பார்கள். ரிங்குக்குள் ஓடி ஆடும் முப்பரிமாண உருவத்துக்கும் இதற்கும் நேரடித் தொடர்பு கிடையாது. இது தனியாக ஒட்டப்பட்ட ஒரு படம், அவ்வளவுதான்.

"ஒரு படத்தை எடுத்துட்டு இன்னொன்னு வைக்கிறதுல என்ன பெரிய வேலை?" என்று தோன்றலாம். வேலை இருக்கிறது. அந்த வேலை எப்படி நடக்கிறது என்று தெரிந்தால், நம்ம ஊர்ப் பழைய சிடிக்களில் யாரும் எழுதி வைக்காத சில விஷயங்களையும் படிக்க முடியும். இந்தக் கட்டுரை அந்த இரண்டையும் பற்றியது.

13 வருட இடைவெளி

2002ல் டிஎச்கியூ நிறுவனம் 'டபிள்யூ டபிள்யூ ஈ ரா' என்ற கேமை கணினிக்கு வெளியிட்டது. உருவாக்கியது ஆங்கர் என்ற ஜப்பானிய நிறுவனம். டபிள்யூ டபிள்யூ எஃப் என்ற பெயர் டபிள்யூ டபிள்யூ ஈ என்று மாறியதும் அதே வருடம் மே மாதத்தில்தான். நம்ம பக்கம் இன்றைக்கும் பாதிப்பேர் 'எஃப்' என்றே சொல்வார்கள், அது வேறு கதை.

அதன் பிறகு வந்த 'ஸ்மாக்டவுன்' வரிசை கேம்கள் எல்லாம் பிளேஸ்டேஷன் போன்ற கருவிகளுக்குத்தான் வந்தன. டிஎச்கியூ 2012 டிசம்பரில் திவாலானது, உரிமம் 2கே நிறுவனத்திடம் போனது. கணினிக்கு அடுத்த பெரிய மல்யுத்த கேமாக 'டபிள்யூ டபிள்யூ ஈ 2கே15' வந்தது 2015 ஏப்ரலில். நடுவில் 13 வருடம்.

அந்த 13 வருடத்தில்தான் விழுப்புரம், திண்டிவனம் போன்ற ஊர்களில் பிரவுசிங் சென்டர் காலமே வந்து போனது. வீட்டில் பிளேஸ்டேஷன் இருந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். ஆனால் டெலிவிஷனில் மல்யுத்தம் பார்க்காத பையன் இல்லை. பள்ளிக்கூடத்தில் டிரம்ப் கார்டு ஆட்டம் வேறு. உயரம், எடை, மார்பளவு, ரேங்க் எல்லாம் மனப்பாடம். அவர்களுக்கு ஜான் சீனா வேண்டும், ரே மிஸ்டீரியோ வேண்டும், 2006ல் கிரேட் காளி வந்த பிறகு காளி கட்டாயம் வேண்டும். இந்த மூன்று பேரில் ஒருவர்கூட 2002ன் கேமில் கிடையாது. அவர்கள் வருவதற்கு முன்பே கேம் முடிந்துவிட்டது.

அதனால் மோட் வந்தது. உலகின் பல மூலைகளில் இருந்து ஆர்வலர்கள் பழைய கேமின் கோப்புகளைத் திறந்து, புது முகம், புது உடை, புதுப் பெயர் போட்டு விட்டார்கள். அது இணையத்தில் இறங்கி, சிடியில் எரிக்கப்பட்டு, 30, 40 ரூபாய்க்கு நம்ம பஸ் ஸ்டாண்டு பக்கம் வந்து சேர்ந்தது. கவரில் 'ரா 2009', 'ரா 2011' என்று இருக்கும். உள்ளே இருப்பது அதே 2002.

சார்ட்டில் இடம் பிடிப்பது

கேமுக்கு வீரரின் பெயர் தெரியாது, எண்தான் தெரியும். உதாரணத்துக்கு 45 என்று வைத்துக்கொள்வோம். 45க்கான உடல் ஒரு கோப்பில், பெயர் எழுத்துகள் இன்னொரு கோப்பில், போர்ட்ரெய்ட் மூன்றாவது இடத்தில். மூன்றையும் மாற்றினால்தான் ஒரு ஆள் முழுதாக மாறுவார். போர்ட்ரெய்ட்டை மட்டும் மாற்றினால், தேர்வுத் திரையில் காளி நிற்பார், ரிங்கில் இறங்குவது வேறு யாரோ. மலிவு சிடிக்களில் இது சர்வ சாதாரணம்.

இந்தப் படங்கள் தனித்தனியாக இருக்காது. நூற்றுக்கணக்கில் ஒரே பெரிய கோப்புக்குள் அடைத்திருப்பார்கள். 2கே15 முதல் சில வருடங்கள் வந்த கேம்களில் இதற்கு 'பேக்' கோப்பு என்று பெயர். 2கே22 முதல் 'கேக்' என்ற வேறு வகை.

விழுப்புரம் ஜங்ஷனில் முன்பு ரயில் பெட்டியில் ஒட்டிய ரிசர்வேஷன் சார்ட்டை நினைத்துக்கொள்ளுங்கள். கோப்பின் தலைப்பகுதியில் அப்படி ஒரு அட்டவணை இருக்கும். எந்தப் படம், எத்தனையாவது பைட்டில் தொடங்குகிறது, எத்தனை பைட் நீளம் என்று. கேம் அதைப் பார்த்துவிட்டு நேராக அந்த இடத்துக்குப் போகும். நீங்கள் வைக்கும் புதுப் படம் பழசைவிட ஒரு பைட் பெரிதாக இருந்தாலும், அடுத்தடுத்த படங்கள் எல்லாம் இடம் தள்ளிப் போகும். சார்ட் பழசாகவே இருக்கும். கேம் தவறான பெர்த்தில் போய் ஆளைத் தேடும். விளைவு, திரையில் வண்ணக் குப்பை, இல்லையென்றால் கேம் மூடிக்கொள்ளும்.

நல்ல மோடிங் கருவிகள் சார்ட்டையும் சேர்த்துத் திருத்தி எழுதும். அந்தக் கருவி இல்லாத காலத்தில் ஒரே வழி, அளவை அச்சு அசலாகப் பொருத்துவதுதான்.

டிடிஎஸ், வருமான வரி இல்லை

2கே வரிசையில் படங்கள் டிடிஎஸ் என்ற வடிவத்தில் இருக்கும். மைக்ரோசாஃப்ட் 1999ல் டைரக்ட்எக்ஸ் 7உடன் கொண்டுவந்தது. சம்பளத்தில் பிடிக்கும் டிடிஎஸ்ஸுக்கும் இதற்கும் ஒரே ஒற்றுமை, இரண்டிலும் கொஞ்சம் போய்விடும்.

என்ன போகிறது? 512க்கு 512 அளவுள்ள படத்தில் ஒரு புள்ளிக்கு சிவப்பு, பச்சை, நீலம், ஒளிபுகும் தன்மை என 4 பைட். மொத்தம் 10,48,576 பைட். கிராபிக்ஸ் அட்டைக்கு இது சுமை. அதனால் படத்தை 4க்கு 4 கட்டங்களாக வெட்டி, ஒவ்வொரு கட்டத்துக்கும் இரண்டே இரண்டு நிறங்களை மட்டும் எழுதிவைப்பார்கள். கட்டத்தில் இருக்கும் 16 புள்ளிகளும் அந்த இரண்டு நிறங்களுக்கு இடைப்பட்ட ஏதோ ஒரு கலவையாகத்தான் இருக்க முடியும். இதில் இரண்டு ரகம் அதிகம் புழங்கும்:

டிஎக்ஸ்டி1: ஒரு கட்டத்துக்கு 8 பைட். மொத்தம் 1,31,072 பைட். ஒளிபுகும் தன்மை உண்டு அல்லது இல்லை, நடுவில் எதுவும் கிடையாது.

டிஎக்ஸ்டி5: ஒரு கட்டத்துக்கு 16 பைட். மொத்தம் 2,62,144 பைட். ஒளிபுகும் தன்மைக்கு ஒவ்வொரு கட்டத்திலும் 8 படிகள்.

இதனால்தான் ரே மிஸ்டீரியோவின் முகமூடி போன்ற பல வண்ண நுணுக்கங்கள் கேமில் சற்று மங்கித் தெரியும். ஒரு குட்டிக் கட்டத்துக்குள் சிவப்பும் பச்சையும் மஞ்சளும் வந்தால், மூன்றில் ஒன்று அடிபடும்.

கோப்பின் தலைப்பு 128 பைட். ஆக டிஎக்ஸ்டி5 படம் 2,62,272 பைட் இருக்க வேண்டும். நீங்கள் சேமித்த கோப்பு 3,49,680 என்று காட்டினால், மென்பொருள் மிப்மேப் எனப்படும் சின்ன நகல்களையும் சேர்த்து எழுதிவிட்டது என்று அர்த்தம். மூலப் படத்தில் மிப்மேப் இருந்ததா என்று முதலில் பார்த்து, அதே மாதிரி சேமிக்க வேண்டும். கோப்பின் அளவைப் பார்த்தே இவ்வளவும் சொல்லிவிடலாம்.

தலைமுடி ஓரத்தில் ஒரு கோடு

இப்போதுதான் சுவாரசியமான இடம். போர்ட்ரெய்ட்டில் ஆளைச் சுற்றி பின்னணி இருக்கக் கூடாது. அதை வெட்டி எடுக்க வேண்டும். தோள், காது எல்லாம் சுலபம். தலைமுடிதான் சிக்கல். முடியின் ஓரத்தில் உள்ள ஒரு புள்ளியில் பாதி முடி, பாதி பின்னணி கலந்திருக்கும்.

கணக்காகப் பார்ப்போம். முடியின் கருமை 20, வெள்ளைச் சுவர் 255. ஓரப் புள்ளியின் அளவு ஏறத்தாழ 137, அதாவது சாம்பல். அதைப் பாதி ஒளிபுகும்படி வைத்து, 30 அளவுள்ள இருண்ட திரையில் ஒட்டினால் கிடைப்பது 83 சொச்சம். நியாயமாக வர வேண்டியது 25. அதனால் தலையைச் சுற்றி வெளிறிய கோடு ஒன்று ஓடும். சாமி படத்து ஒளிவட்டம் மாதிரி.

இதைத் தீர்க்க, ஓரப் புள்ளியில் இருந்து பின்னணி நிறத்தின் பங்கைக் கழித்து, மிச்சத்தை முடியின் பங்கால் வகுக்க வேண்டும். 137.5ல் இருந்து 127.5 போனால் 10, அதை 0.5ஆல் வகுத்தால் 20. பழைய கருமை திரும்பி வந்துவிட்டது. கிம்ப் போன்ற இலவச மென்பொருளிலேயே இதைச் செய்யலாம். இன்னொன்றும் உண்டு. முழுதும் ஒளிபுகும் பகுதியிலும் ஒரு நிறம் ஒளிந்திருக்கும். கேம் படத்தைப் பெரிதாக்கும்போது அது ஓரத்தில் கசியும். அங்கேயும் முடியின் நிறத்தையே நிரப்பிவிடுவது நல்லது.

நீலக் கோடு

திண்டிவனத்தில் மூடப்பட்ட ஒரு பிரவுசிங் சென்டரில் இருந்தும், விழுப்புரத்து நண்பர்களிடம் இருந்தும் சேர்த்த 14 சிடிக்கள் என்னிடம் இருக்கின்றன. அவற்றின் போர்ட்ரெய்ட்களை வெளியே எடுத்து, பெரிதாக்கி, ஓரங்களை மட்டும் பார்த்தேன்.

பெரும்பாலானவற்றில் ஓரம் சுத்தமாக இருக்கிறது, அல்லது வெள்ளைக் கோடு. இவை வெளிநாட்டு மோடர்கள் செய்தவை. விளம்பரப் படங்களை வெள்ளைப் பின்னணியில் இருந்து வெட்டியிருக்கிறார்கள். ஆனால் 2 சிடிக்களில், மொத்தம் 5 முகங்களில், கோடு நீலமாக இருக்கிறது. ஐந்து பேரும் டெலிவிஷனில் வந்தவர்கள் இல்லை. எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை, காலர் பட்டன் போட்ட சட்டை, கேமராவை நேராகப் பார்க்கும் கண்கள்.

நம்ம ஊரில் படித்த யாருக்கும் அந்த நீலம் தெரியும். ஹால் டிக்கெட்டுக்கும் பஸ் பாஸுக்கும் ஸ்டுடியோவில் எடுக்கும் பாஸ்போர்ட் சைஸ் போட்டோவின் பின்திரை அது. யாரோ ஒரு பையன் அந்தப் படத்தை ஸ்கேன் செய்து, போட்டோஷாப்பில் பின்னணியை ஒரே கிளிக்கில் தேர்ந்தெடுத்து அழித்து, அண்டர்டேக்கருக்குப் பக்கத்தில் தன்னை, அல்லது தன் கூட்டாளியை நிறுத்தியிருக்கிறான். நீலத்தைக் கழிக்கும் கணக்கு அவனுக்குத் தெரிந்திருக்காது. தெரிந்திருந்தால் அந்தத் தடயமும் அழிந்திருக்கும்!

தமிழ்நாட்டில் கேம் என்றால் வாங்கி ஆடியதுதான், உருவாக்கியது கிடையாது என்று பலரும் சொல்வார்கள். அந்த நீலக் கோடு அதற்கு ஒரு சின்ன மறுப்பு. 16 வயதுப் பையன் ஒருவன், வழிகாட்டி யாரும் இல்லாமல், கோப்பைத் திறந்து, அளவு பொருத்தி, தன் முகத்தை உள்ளே வைத்திருக்கிறான். நான் பிஈ முடித்த பிறகுதான் பைட் கணக்கெல்லாம் பார்த்தேன்.

முகம் யாருடையது?

அந்த ஐந்து முகங்களை நான் இங்கே போடவில்லை, போடவும் மாட்டேன். அவர்களுக்கு இன்று 30 வயதுக்கு மேல் இருக்கும். அனுமதி கேட்க வழியில்லை. பிரபலங்களுக்கே இதில் உரிமை உண்டு. 2015ல் 'மே ஹூன் ரஜினிகாந்த்' என்ற இந்திப் படம் ரஜினியின் பெயரையும் உருவத்தையும் பயன்படுத்த சென்னை உயர் நீதிமன்றம் தடை விதித்தது. நம் வீட்டுக் கணினியில் நாமே ஆடுவது வேறு, பிறர் முகத்தை ஊருக்குப் பரப்புவது வேறு. நண்பன் முகத்தைப் போடுவதாக இருந்தால் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள்.

நீங்களே செய்து பார்க்க விரும்பினால், மூன்று விஷயம் போதும். மூலக் கோப்பை முதலில் நகல் எடுத்து வேறு இடத்தில் வையுங்கள். ஒரே ஒரு படத்தை மட்டும் மாற்றி, கேம் திறக்கிறதா என்று பார்த்த பிறகு அடுத்ததற்குப் போங்கள். 'இதை ஓட்டினால் எல்லா வீரரும் வருவார்கள்' என்று யாராவது நிறுவல் கோப்பு கொடுத்தால் ஓட்டாதீர்கள். முகப்படம் மாற்ற படக் கோப்பு போதும்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். மோட்கள் கிடந்த சேமிப்புத் தளங்களில் மெகாஅப்லோடு 2012ல் முடக்கப்பட்டது, ராபிட்ஷேர் 2015ல் மூடப்பட்டது. அங்கிருந்தவற்றில் பல இன்று நம்ம ஊர் சிடிக்களில் மட்டும் இருக்கலாம். எழுதும் சிடியின் சாயம் வெயிலிலும் சூட்டிலும் கெடும். என் 14ல் 2 ஏற்கெனவே படிக்க முடியவில்லை. பரணில் பழைய கேம் சிடி கிடந்தால், அதை முழுசாக ஐஎஸ்ஓ கோப்பாக எடுத்து, எந்த ஊரில், எந்த வருடம் வாங்கியது என்று ஒரு வரி எழுதி வையுங்கள். அப்புறம் முகங்களைப் பெரிதாக்கி, ஓரத்தைப் பாருங்கள். நீலம் தெரிந்தால், அந்த சிடியைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.