பேனா பிடித்த காமிரா கலைஞர்

படம் முடிந்து வெளியே வரும் ரசிகர்கள் நடிகரைப் பற்றிப் பேசுவார்கள், டைரக்டரைப் பற்றிப் பேசுவார்கள். காமிராவுக்குப் பின்னால் நின்றவரை நினைப்பவர் சிலரே. போலந்து நாட்டில் அப்படிப் பல ஆண்டுகள் நின்றவர் யெஷி வூய்ச்சிக். பிறந்தது 1930-ல். தொழில் கற்றது லோட்ஸ் நகரத் திரைப்படப் பள்ளியில்.

புகழ் தந்த படங்கள்

1958-ல் வெளிவந்த வாய்தாவின் "சாம்பலும் வைரமும்" படத்துக்கு ஒளிப்பதிவு செய்தபோது அவருக்கு வயது 27-தான். போர் முடிந்த நாளின் கதை அது. இறந்துபோன தோழர்களுக்காக மதுக் கிண்ணங்களில் தீ ஏற்றும் காட்சியை உலகம் இன்னும் மறக்கவில்லை. கவலெரோவிச் இயக்கிய "பாரோ" படத்தில் (1966) பாலைவன மணலையே திரை முழுதும் பொன்னாகக் காட்டினார்.

அத்தனையும் பிறர் கதைகள். அவர் தம் நெஞ்சில் இருந்த கதையைத் தாமே எழுதி, தாமே டைரக்ட் செய்த படம் "ஸ்கார்கா". "முறையீடு" என்று பொருள். வந்தது 1991-ல், அப்போது அவருக்கு வயது அறுபதைத் தாண்டிவிட்டது.

விலைவாசியும் துப்பாக்கியும்

1970 டிசம்பர். கிறிஸ்துமசுக்குச் சில நாட்களே இருக்கும்போது அரசாங்கம் இறைச்சி முதலிய உணவுப் பொருள்களின் விலையை உயர்த்தியது. கடற்கரை நகரங்களில் கப்பல் கட்டும் தொழிலாளர்கள் தெருவில் இறங்கினார்கள். பதில் துப்பாக்கிச் சூடு. கிடினியா நகரில், வேலைக்குத் திரும்புங்கள் என்ற அரசின் அழைப்பை நம்பி, அதிகாலை ரயிலில் வந்து இறங்கியவர்களே சுடப்பட்டார்கள். எல்லா ஊர்களிலுமாக நாற்பது பேருக்கு மேல் மாண்டனர். பல உடல்கள் இரவோடு இரவாகப் புதைக்கப்பட்டன. சம்பளத்தை எண்ணி அரிசி பருப்பு வாங்குகிறவர்களுக்கு இந்தக் கோபத்தை விளக்க வேண்டியதில்லை.

ஷ்செட்சின் நகரில் அப்படிச் சுடப்பட்ட ஒரு பையனின் பெற்றோர்தான் "முறையீடு" படத்தின் நாயகர்கள். அவர்கள் நஷ்டஈடு கேட்கவில்லை, பழிவாங்கவும் கிளம்பவில்லை. பெற்ற பிள்ளையை முறையாக அடக்கம் செய்ய வேண்டும், அவ்வளவுதான்.

கம்யூனிஸ்ட் ஆட்சி 1989-ல் முடிந்தது. அதன் பிறகே இப்படி ஒரு படம் வெளிச்சத்துக்கு வந்தது. நடந்ததற்கும் படத்துக்கும் இடையே இருபது ஆண்டுகள்.

லோட்ஸ் பள்ளியிலேயே ஆசிரியராகவும் இருந்த வூய்ச்சிக் 2019-ல் காலமானார். மன்னனுக்கும் மாவீரனுக்கும் விளக்குப் பிடித்த கை, கடைசியில் பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு வீட்டுக்காகப் பேனா பிடித்தது. இருட்டில் புதைத்ததை வெளிச்சத்தில் காட்டியது அந்தப் படம்.