மதியம் இருமுறை வந்த நாள்

1853ஆம் ஆண்டு ஆகஸ்ட் 12. அமெரிக்காவின் ரோட் ஐலண்ட் மாநிலத்தில், வேலி ஃபால்ஸ் என்ற ஊருக்கு அருகே இரண்டு ரயில்கள் நேருக்கு நேர் மோதின. 14 பேர் இறந்துபோனார்கள். அங்கே இருந்தது ஒற்றைத் தண்டவாளம். ஒரு ரயில் கடந்துபோகும்வரை எதிரே வரும் ரயில் ஒதுங்கி நிற்க வேண்டும். எவ்வளவு நேரம் நிற்பது என்பதற்கு ரயில் பொறுப்பாளரின் பைக்கடிகாரம்தான் கணக்கு. அன்று ஒருவருடைய கடிகாரம் மெதுவாக ஓடிவிட்டது.

அது பிழையான கடிகாரம். ஆனால் அந்தக் காலத்தில் சரியாக ஓடிய கடிகாரங்களும் ஊருக்கு ஊர் வேறு வேறு நேரம் காட்டின. ஏன் தெரியுமா? பூமி 24 மணி நேரத்தில் 360 பாகை சுழல்கிறது. அப்படியானால் ஒரு பாகைக்கு 4 நிமிடம். கிழக்கே உள்ள ஊரில் சூரியன் முதலில் உச்சிக்கு வரும்; மேற்கே உள்ள ஊர் காத்திருக்க வேண்டும். ஒவ்வோர் ஊரும் தன் உச்சிவெயிலையே 12 மணி என்று வைத்திருந்தது. நியூயார்க்கில் மணி 12 ஆகும்போது பாஸ்டனில் ஏறக்குறைய 12 நிமிடம் கூடுதலாக இருக்கும். குதிரை வண்டியில் போன காலத்தில் இந்த வித்தியாசத்தால் யாருக்கும் தொல்லை இல்லை.

ரயில் வந்ததும் எல்லாம் மாறியது. 1869 மே 10 அன்று யூட்டாவின் ப்ராமன்டரி உச்சியில் கிழக்கிலிருந்தும் மேற்கிலிருந்தும் வந்த தண்டவாளங்கள் இணைந்தன. மேற்குப் பகுதியில் சியரா நெவாடா மலைகளைக் குடைந்தவர்களில் பெரும்பாலோர் சீனத் தொழிலாளர்கள். சமவெளிகளில் வாழ்ந்த பூர்வகுடி மக்களோ தங்கள் நிலத்தை இழந்தார்கள். ரயிலின் பெருமையைப் பேசும்போது இந்த இரண்டையும் மறைக்கக் கூடாது.

நாட்டைக் குறுக்கே கடக்க மாதக்கணக்கில் நீண்ட பயணம் ஏறக்குறைய ஒரு வாரமாகச் சுருங்கியது. ஆனால் ஒவ்வொரு ரயில் நிறுவனமும் தன் தலைமை நகரத்தின் நேரத்தையே பின்பற்றியது. நாடெங்கும் ஏறக்குறைய 50 விதமான ரயில் நேரங்கள்! பெரிய நிலையங்களில் பல கடிகாரங்களை வரிசையாக மாட்டியிருந்தார்கள். எந்தக் கடிகாரத்தை நம்புவது என்று பயணிகள் திணறினார்கள்.

சார்லஸ் டவுட் என்ற ஆசிரியர் நாட்டை நேர மண்டலங்களாகப் பிரிக்கலாம் என்றார். ரயில் நிறுவனங்களின் கூட்டமைப்பில் செயலாளராக இருந்த வில்லியம் ஆலன் அதற்கு நடைமுறை வடிவம் கொடுத்தார். மேற்குத் தீர்க்கரேகைகள் 75, 90, 105, 120 பாகைகளை அடிப்படையாகக் கொண்டு நாட்டுக்கு நான்கு நேரங்கள். ஒவ்வொன்றுக்கும் இடையே 15 பாகை, அதாவது சரியாக ஒரு மணி நேரம்.

1883 நவம்பர் 18, ஞாயிற்றுக்கிழமை. தந்தி வழியாக நேரக் குறிப்பு பறந்தது. நியூயார்க்கில் பழைய கணக்குப்படி மதியம் 12 ஆனது. கடிகாரங்களை ஏறக்குறைய 4 நிமிடம் பின்னே தள்ளினார்கள். சற்று நேரத்தில் மறுபடியும் 12! இதற்கு அரசாங்கம் உத்தரவிடவில்லை, ரயில் நிறுவனங்களே செய்துகொண்டன. அதற்கான சட்டம் வந்தது 1918இல்தான். எனக்கு இதுதான் மிகப் பெரிய வியப்பு: ஒரு நாட்டின் நண்பகலையே ரயில் மாற்றிவிட்டது.

இனி எல்லோருக்கும் கடிகாரம் தேவை. 1886இல் மின்னசோட்டாவில் ஒரு சிறிய ரயில் நிலையத்தில் முகவராக இருந்த ரிச்சர்ட் சியர்ஸ், ஊர்க் கடைக்காரர் வேண்டாமென்று விட்ட பைக்கடிகாரப் பெட்டியை வாங்கி, ரயில் பாதையோரமிருந்த மற்ற நிலைய முகவர்களிடம் விற்றார். அந்த வியாபாரம் வளர்ந்து, பொருள் பட்டியலைத் தபாலில் அனுப்பி, கேட்ட பொருளை ரயிலில் வீட்டுக்கு வரவழைக்கும் பெரிய நிறுவனமானது. நகரத்துக் கடைவீதி கிராமத்து விவசாயியின் வாசலுக்கே வந்தது.

நம் நாட்டிலும் சென்னை வானாய்வகத்தின் நேரமே ஒரு காலத்தில் ரயில் நேரமாக இருந்தது. 1906இல் 82.5 பாகை கிழக்குத் தீர்க்கரேகையை அடிப்படையாகக் கொண்ட பொது நேரம் வந்தது. சென்னை அந்தக் கோட்டுக்கு மேற்கே இருப்பதால், அங்கே சூரியன் உச்சிக்கு வருவது சராசரியாக 12 மணி 9 நிமிடத்தில். கோயம்புத்தூரில் இன்னும் 13 நிமிடம் தாமதம். வெயிலில் ஒரு குச்சியை நேராக நட்டு, அதன் நிழல் எப்போது மிகக் குட்டையாகிறது என்று கடிகாரத்தில் பார்த்துக் குறித்து வையுங்கள். வேறு ஊரில் உள்ள நண்பரையும் அதே நாளில் பார்க்கச் சொல்லி, இரண்டையும் ஒப்பிடுங்கள்.