கூட்டாளிகள் – 14: அசந்துபோன விமானிகள்

பக்கத்தில் நிற்கிறவரின் கைவாகு தெரிந்திருந்தால் வேலை எப்படி ஓடுகிறது என்பதில் போன வாரம் நிறுத்தினோம். தொடர்ந்து வாசிக்கிறவர்களுக்கு இவ்வளவு போதும். இந்த வாரம் கோவில்பட்டி தீப்பெட்டி ஆபீசுக்குள் போகலாம் என்று சொல்லியிருந்தேன். அதற்கு உட்கார்ந்தபோது 1986-இல் வந்த ஓர் ஆய்வு கையில் சிக்கியது. அதைச் சொல்லிவிட்டுத்தான் மற்றது.

அமெரிக்காவின் நாசா அமைப்புக்காக க்ளேட்டன் ஃபௌஷியும் அவருடைய சகாக்களும் செய்த ஆய்வு அது. அவர்கள் தெரிந்துகொள்ள விரும்பியது களைப்பைப் பற்றி. குறுகிய தூர விமானங்களை ஓட்டும் விமானிகளை இரண்டு பிரிவாக எடுத்துக்கொண்டார்கள். ஒரு பிரிவினர் சில நாள் ஓய்வெடுத்து, நன்றாகத் தூங்கி எழுந்து வந்தவர்கள். மற்றவர்கள் மூன்று நாள் ஊர் ஊராகப் பறந்து, தூக்கம் கெட்டு, பணி முடிந்த கையோடு வந்தவர்கள். இரண்டு பிரிவையும் சிமுலேட்டரில் உட்கார வைத்து, மோசமான வானிலையையும் ஒரு கோளாறையும் கொடுத்துப் பார்த்தார்கள்.

களைத்தவர்கள்தான் அதிகம் தவறுவார்கள் என்று எல்லாரும் சொல்லிவிடுவோம். நடந்தது வேறு. களைத்து வந்தவர்கள் தங்களுக்குக் களைப்பு இருக்கிறது என்று ஒப்புக்கொண்டார்கள். அளந்து பார்த்ததிலும் இருந்தது. ஆனால் விமானத்தை அவர்களே நன்றாகக் கையாண்டார்கள். பெரிய தவறுகள் அவர்களிடம் குறைவு. ஏன் என்று திருப்பித் திருப்பி அலசியபோது காரணம் கிடைத்தது. அந்த மூன்று நாளும் அவர்கள் ஒரே ஜோடியாகப் பறந்திருந்தார்கள். ஓய்வெடுத்து வந்தவர்களோ வேறு வேறு இடத்திலிருந்து வந்து அன்றைக்குத்தான் பக்கத்துப் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்தவர்கள்.

விமானி அறைப் பேச்சையும் அவர்கள் பதிவு செய்திருந்தார்கள். என்னைப் பிடித்துக்கொண்டது அந்தப் பகுதிதான். சேர்ந்து பறந்த ஜோடிகளில் துணை விமானி கூடுதலாக யோசனை சொல்கிறார். சொன்னது காதில் விழுந்தது என்று மற்றவர் பதில் கொடுக்கிறார். கேப்டன் சொல்வதைத் துணை விமானி மறுத்துப் பேசுவதும் அங்கேதான் அதிகம். அறிமுகம் இல்லாதவரிடம் நாம் மரியாதையாக வாயை மூடிக்கொள்கிறோம். மூன்று நாள் ஒன்றாகச் சாப்பிட்டு, ஒன்றாக எரிச்சல்பட்டவரிடம் “சார், அது சரியில்லை” என்று சொல்ல வாய் வருகிறது. ஆபத்து நேரத்தில் அந்த ஒரு வாக்கியம் எத்தனை உயிர்!

இதோடு இன்னொன்றையும் சேர்த்துப் படிக்கவேண்டும். அமெரிக்கப் போக்குவரத்துப் பாதுகாப்பு வாரியம் 1978 முதல் 1990 வரை விமானிகளின் பிழை சம்பந்தப்பட்ட 37 பெரிய விபத்துகளை ஆராய்ந்து 1994-இல் அறிக்கை கொடுத்தது. விவரம் கிடைத்த விபத்துகளில் 73 சதவீதம், அந்த விமானிகள் ஜோடி சேர்ந்த முதல் நாளிலேயே நடந்தவை. 44 சதவீதம் ஜோடியின் முதல் பயணத்திலேயே. உலகம் முழுக்க விமானப் பணிப் பட்டியல் போடுகிறவர்கள் ஆட்களைக் கலைத்துப் போட்டுக்கொண்டேதான் இருக்கிறார்கள். யார் எங்கே காலியாக இருக்கிறாரோ அவரை அங்கே போட்டால் செலவு குறையும்.

இதைப் படித்தபோது எனக்கு எங்கள் புதூர்ப் பக்கத்துக் களையெடுப்பு ஞாபகம் வந்தது. விளாத்திகுளம், புதூர் வட்டாரம் வானம் பார்த்த கரிசல். புரட்டாசி, ஐப்பசியில் விதைத்தால் கார்த்திகையில் உளுந்திலும் பாசியிலும் மக்காச்சோளத்திலும் களை ஏறிவிடும். கரிசலில் மழை விட்டதும் உடனே இறங்க முடியாது, கால் புதையும். நாள் தள்ளினால் மண் இறுகிவிடும். இடையில் கிடைக்கிற சில நாளுக்குள் புஞ்சையை முடிக்கவேண்டும். பெண்கள் நிரை பிடித்து வரிசையாகப் போவார்கள். வேகமான கையும் மெதுவான கையும் கலந்த வரிசை, இருந்தும் கோணாமல் நகரும்.

ஆள் கூட்டிப் போகிற ஒரு மதினியிடம் கேட்டேன்: “தெரியாத ஆள் ஒண்ணு வந்தா என்ன மதினி செய்வீங்க?”

“ஓரத்துல விட மாட்டோம். நடுவுல விட்டுக்கிடுவோம். ரெண்டு பக்கமும் நம்ம ஆளு இருந்தா அதுவும் நிரையோட வந்துரும்” என்றார்.

“பிந்துனா?”

“பக்கத்துக்காரி ரெண்டு கொத்து சேத்துப் போட்டுட்டுப் போவா. சொல்லிக்கிட்டா செய்வாங்க?”

நிர்வாகவியல் வகுப்புகளில் புதிதாகச் சேர்ந்தவரை எப்படி அணியில் இணைப்பது என்று பாடம் நடத்துகிறார்கள். இந்த மதினியை ஒருநாள் அழைத்துப் போய்ப் பேச வைக்கலாம்.

கோவில்பட்டிக்கு வருவோம். எங்கள் பக்கத்துக்குக் கடலை மிட்டாயும் தீப்பெட்டியும் எப்படியோ அப்படித்தான் ஹாக்கியும். மண் மைதானத்தில் ஓடிய ஊர், இப்போது செயற்கைப் புல்லில் ஓடுகிறது. 2022 மே மாதம் ஜகார்த்தாவில் நடந்த ஆசியக் கோப்பைக்குப் போன இந்திய அணியில் கோவில்பட்டி மாரீஸ்வரன் சக்திவேல் இருந்தார். கோவில்பட்டி விளையாட்டு விடுதியில் பயிற்சி பெற்ற அரியலூர் கார்த்தி செல்வமும் இருந்தார். பாகிஸ்தானுடன் 1-1 என்று முடிந்த ஆட்டத்தில் இந்தியாவின் கோல் கார்த்தியுடையது. அணி வெண்கலத்தோடு திரும்பியது.

ஹாக்கியில் பெனால்டி கார்னரைக் கவனித்துப் பாருங்கள். கோல் கம்பத்திலிருந்து 10 மீட்டர் தள்ளி, பின்கோட்டிலிருந்து ஒருவர் பந்தைத் தள்ளிவிடுவார். வட்டத்துக்கு வெளியே இன்னொருவர் குனிந்து அதை நிறுத்துவார். மூன்றாமவர் கோலை நோக்கி வீசுவார். எதிரணியில் ஐந்து பேர் கோல் கோட்டிலிருந்து பாய்ந்து வருகிறார்கள். எல்லாம் ஓரிரு நொடி. பந்து கொஞ்சம் துள்ளினாலும், வீசுகிறவரின் காலுக்கு ஒரு சாண் முன்னே பின்னே நின்றாலும் வாய்ப்பு போயிற்று. நிறுத்துகிறவருக்கு வீசுகிறவரின் அடியெடுப்பு மனப்பாடமாக இருக்கவேண்டும். வீசுகிறவர் பந்து வந்து நிற்கும் என்று நம்பி முன்பே ஓடத் தொடங்கியிருக்கவேண்டும். மறுநாள் செய்தித்தாளில் வீசியவர் பெயர் மட்டும் வரும். நிறுத்தியவர் பெயரையும் போட்டால் என்ன?

மருத்துவத்திலும் இதே கதைதான். ராபர்ட் ஹக்மேன், கேரி பிசானோ இருவரும் பென்சில்வேனியா மாநிலத்தில் இதய பைபாஸ் அறுவை சிகிச்சை செய்யும் மருத்துவர்களை ஆராய்ந்து 2006-இல் எழுதினார்கள். அவர்களில் பலர் ஒன்றுக்கு மேற்பட்ட மருத்துவமனைகளில் அறுவை செய்கிறவர்கள். ஒரு மருத்துவமனையில் ஒருவர் செய்த அறுவைகளின் எண்ணிக்கை ஏற ஏற, அங்கே அவருடைய நோயாளிகள் பிழைப்பது கூடியது. அதே மருத்துவர் அடுத்த மருத்துவமனைக்குப் போனால் அந்த மேன்மை கூடவே போகவில்லை. கை அதே கை. பக்கத்தில் நிற்கும் செவிலியரும் மயக்க மருத்துவரும் வேறு.

மறுபக்கமும் உண்டு. ரால்ஃப் கட்ஸ் 1982-இல் ஐம்பது ஆராய்ச்சிக் குழுக்களைப் பார்த்து எழுதியதில், பல வருஷம் ஆள் மாறாத குழுக்கள் வெளியே யாரிடமும் பேசாமல் தங்களுக்குள்ளேயே அடைந்து மங்கிப்போவது தெரிந்தது. புதிதாகக் கண்டுபிடிக்கவேண்டிய வேலையில் அப்படி நடக்கும். விமானம், அறுவை மேசை, களையெடுப்பு, மில் ஷிப்ட் ஆகியவற்றில் நாம் பயப்படவேண்டியது அதற்கு நேர் எதிரானது: பழகுவதற்குள் பிரிப்பது. இதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆட்களைத் தலை எண்ணிக்கையாகப் பார்த்துப் பட்டியல் போடுகிற நிர்வாகம், தன் கணக்குப் புத்தகத்தில் எங்கும் பதியாத ஒரு சொத்தை ஒவ்வொரு மாதமும் அழிக்கிறது. ஒப்பந்தத் தொழிலாளர்களை ஆறு மாதத்துக்கு ஒருமுறை மாற்றுகிற இடங்களில் விபத்து நடந்தால் ‘கவனக்குறைவு’ என்று ஒரு தனி மனிதர் மேல் எழுதி முடித்துவிடுகிறார்கள். அன்றைக்கு அவருக்குப் பக்கத்தில் நின்றவர் எத்தனை நாள் பழக்கம் என்ற கேள்வி விசாரணைத் தாளில் இருக்கவேண்டும்.

தீப்பெட்டி ஆபீசுக்கு இந்த வாரமும் இடமில்லை. குச்சி அடுக்குவதற்கும், மருந்து முக்குவதற்கும், பெட்டி அடைப்பதற்கும் நடுவில் இருந்த உறவை எண்ணிக்கைக் கூலி என்ன செய்தது, மெஷின் வந்து என்ன செய்தது என்பதை அடுத்த வாரம் பார்ப்போம். கோவில்பட்டி, கழுகுமலை, சாத்தூர்ப் பக்கம் தீப்பெட்டி ஆபீசில் வேலை பார்த்தவர்கள், அல்லது அம்மா பார்த்ததைக் கண்டவர்கள், உங்கள் பக்கத்தில் உட்கார்ந்து வேலை செய்தவரைப் பற்றி நாலு வரி எழுதி அனுப்புங்கள். புதன்கிழமைக்குள் வந்தால் சேர்த்துக்கொள்கிறேன்.