ஒன் வீக் (1920 திரைப்படம்)

ஒன் வீக் (பொருள்: ஒரு வாரம்) என்பது 1920 செப்டம்பரில் வெளியான அமெரிக்க ஊமைப்பட நகைச்சுவைக் குறும்படம். பஸ்டர் கீட்டனும் எட்வர்டு கிளைனும் சேர்ந்து எழுதி இயக்கினர். கீட்டன், சிபில் சீலி, ஜோ ராபர்ட்ஸ் ஆகியோர் நடித்தனர். தயாரித்தவர் ஜோசப் ஷெங்க். இரண்டு சுருள் கொண்ட படம். ஓட்டும் வேகத்தைப் பொறுத்து ஏறத்தாழ 20 முதல் 25 நிமிடம் ஓடும்.

விழுவது, மோதுவது, அடிபடுவது ஆகியவற்றால் சிரிப்பூட்டும் இவ்வகையை ஆங்கிலத்தில் ஸ்லாப்ஸ்டிக் என்பர். பழைய இத்தாலிய நாடகக் கோமாளிகள் இரண்டு மெல்லிய பலகைகளை இணைத்த ஒரு கோலை வைத்திருந்தனர். அதனால் அடித்தால் ஓசை பலமாகக் கேட்கும், வலி அதிகம் இராது. பெயர் அந்தக் கோலிலிருந்து வந்தது. ஆனால் கீட்டனின் படங்களில் அடி பெரும்பாலும் உண்மையான அடியாகவே இருந்தது.

பின்னணி

கீட்டன் 1895-இல் கான்சாஸ் மாநிலத்தில் பிறந்தார். சிறு வயதிலேயே தாய் தந்தையருடன் மேடையேறினார். தந்தை மகனைத் தூக்கி எறிவதே அக்குடும்பத்தின் முக்கிய வேடிக்கை. அடிபடாமல் விழும் வித்தையையும், முகத்தில் எந்த உணர்ச்சியும் காட்டாதிருந்தால் கூட்டம் கூடுதலாகச் சிரிக்கும் என்பதையும் அவர் அங்கேயே கற்றார். 1917 முதல் ராஸ்கோ ஆர்பக்கிளின் குறும்படங்களில் நடித்தபின் தனியாகப் படமெடுக்கத் தொடங்கினார். தனியாக எடுத்த முதல் படமான "தி ஹை சைன்" அவருக்கே பிடிக்காததால் ஒதுக்கி வைக்கப்பட்டு, 1921-இல்தான் வந்தது. எனவே மக்கள் முதலில் பார்த்தது ஒன் வீக் படத்தையே.

அக்காலத்தில் அமெரிக்காவில் வீட்டையே தபாலில் வாங்க முடிந்தது. சியர்ஸ் நிறுவனம் 1908 முதல் 1940 வரை விலைப்பட்டியல் மூலம் வீடுகளை விற்றது. அளவாக வெட்டி எண்ணிட்ட மரச்சட்டங்கள் ரயிலில் வந்து சேரும். குறிப்பைப் பார்த்து வாங்கியவரே கட்டிக்கொள்ளலாம். போர்டு மோட்டார் நிறுவனமும் 1919-இல் இத்தகைய வீடு ஒன்றைப் பற்றி "ஹோம் மேட்" என்ற விளக்கப்படம் எடுத்தது. திருமணம், புது வீடு, கிழிபடும் நாட்காட்டித் தாள் எல்லாம் அதில் உண்டு. அந்த நம்பிக்கையான விளம்பரத்தைத்தான் கீட்டன் கிண்டலாகத் திருப்பிப் போட்டார்.

கதை

திங்களன்று திருமணம். மணமகனின் மாமா ஒரு மனையையும் பெட்டிகளில் அடைத்த ஒரு வீட்டையும் பரிசளிக்கிறார். மணமகள் மறுத்த ஹாங்க் என்பவன் பொறாமையால் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். தம்பதியரோ குறிப்பில் உள்ளபடி ஒழுங்காகவே கட்டுகின்றனர். விளைவு, சுவர் கோணலாகவும், கதவு திறந்தால் வெற்றிடமாகவும் ஒரு வீடு. அறிவுரையைப் பிசகாமல் பின்பற்றியதால் வந்த வினை என்பதே இதன் நகைச்சுவை; நாயகன் முட்டாள் அல்லன்.

பியானோ சுமப்பவராக வரும் ஜோ ராபர்ட்ஸ் அதைத் தோளில் சாக்குமூட்டை போலக் கொண்டுவந்து கீட்டன் மீது சாய்க்கும் காட்சி தனியே சிரிக்கத்தக்கது. 13-ஆம் தேதி வெள்ளிக்கிழமை விருந்து. புயலடிக்கிறது, வீடு விருந்தினரோடு ராட்டினமாகச் சுழல்கிறது. ஞாயிறன்று இன்னொரு செய்தி தெரிகிறது: அவர்கள் கட்டியது தங்கள் மனையில் அன்று. மனை எண் பலகை தலைகீழாக இருந்ததால் 66, 99 ஆகத் தெரிந்திருக்கிறது. வீட்டை உருளைகள் மேல் ஏற்றி இழுக்கும்போது அது ரயில் பாதையில் சிக்குகிறது.

ரயில் வருகிறது. இருவரும் கண்களை மூடிக்கொள்கின்றனர். ரயில் பக்கத்துப் பாதையில் கடந்து போகிறது. பெருமூச்சு விடும் நேரத்தில் எதிர்த்திசையிலிருந்து மற்றொரு ரயில் வந்து வீட்டை நொறுக்குகிறது. இரண்டு பாதைகள் இருப்பது நமக்குத் தெரியாதபடி கேமரா வைக்கப்பட்ட இடமே இங்கே எல்லாவற்றையும் செய்கிறது. கீட்டன் இடிபாட்டில் "விற்பனைக்கு" என்ற பலகையை நட்டு, கட்டும் முறைக் குறிப்பையும் அதிலேயே வைத்துவிட்டு, மனைவியின் கையைப் பிடித்து நடக்கிறார்.

படமாக்கம்

படத்தில் பொம்மை வீடு பயன்படுத்தப்படவில்லை. முழு அளவு வீடு ஒன்றைச் சுழல்மேடை மீது கட்டிச் சுழற்றினர். ரயில் இடித்ததும் உண்மையான வீட்டையே. தவறினால் மறுமுறை எடுக்க வீடு இராது. மாடிக் கதவிலிருந்து கீட்டன் வெளியே விழும் காட்சிக்காகத் தரையில் குழி தோண்டி வைக்கோல் நிரப்பி மேலே புல்லைப் பரப்பியிருந்தனர். அப்படியும் அவர் கை நன்றாக வீங்கிவிட்டது. சுவர் சாய்ந்து, சன்னல் துளையால் ஒருவர் தப்பும் வேடிக்கை இதிலும் உண்டு. எட்டாண்டுகள் கழித்து "ஸ்டீம்போட் பில் ஜூனியர்" படத்தில் அதையே பெரிய வீட்டு முகப்பைக் கொண்டு உயிரைப் பணயம் வைத்துச் செய்தார்.

சிபில் சீலியின் பங்கு குறைவாகவே பேசப்படுகிறது. அக்காலக் குறும்படங்களில் நாயகி பெரும்பாலும் அலங்காரப் பொருள். இதில் அவரும் கூடவே பாடுபடுகிறார். குளியல் காட்சியில் நழுவிய சோப்பை எடுக்க அவர் எழ வேண்டும். உடனே ஒரு கை வந்து கேமராக் கண்ணாடியை மூடிக்கொள்கிறது. பார்ப்பவர் இருப்பதைப் படமே ஒப்புக்கொள்ளும் இந்தக் குறும்பு 1920-க்கு மிகப் புதியது.

2008-இல் இப்படம் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. அந்நாட்டில் இதன் பதிப்புரிமைக் காலம் முடிந்துவிட்டதால் இணையத்தில் இலவசமாகக் காணலாம்.