குதிரைவீரனின் எழுத்து

ஜார்ஜியச் சொல் ஒன்றைத் தமிழில் எழுத உட்கார்ந்தால் முதலில் மாட்டிக்கொள்வது 'க'. நாம் அந்த ஒரே எழுத்தை வைத்து ஒப்பேற்றும் இடத்தில் அவர்களுக்கு ஆறு ஒலிகள் உண்டு. ஆறுக்கும் தனித்தனி எழுத்து. மூச்சை வெளியே விட்டுச் சொல்லும் க ஒன்று. குரல்வளையை இறுக்கி வெடுக்கென்று சொல்லும் க இன்னொன்று. உள்நாக்குப் பக்கம் பிறக்கிற ஒன்று வெளியூர்க்காரர்களை அழவைக்கும். ஆகவே கீழே வரும் பெயர்களைத் தோராயமாகவே வாசியுங்கள்.

இன்று புழங்கும் எழுத்து ம்கெத்ருலி. 'ம்கெதாரி' என்றால் குதிரைவீரன். கோயிலுக்கு வெளியே, அரசவை ஆவணங்களில் வளர்ந்ததால் அந்தப் பெயர். கொடித்தளிர் போல உருண்டு வளையும் 33 எழுத்துகள். முன்பு 38 இருந்தன. பேச்சில் ஒலி மறைந்துபோன ஐந்தை 19ஆம் நூற்றாண்டில் கழித்துவிட்டார்கள். எழுதியபடியே வாசிக்கலாம். நமக்கு அந்தக் கொடுப்பினை இல்லை.

இதற்கு மூத்தவை இரண்டு. அசோம்தவ்ருலி, இரண்டு கோடுகளுக்கு நடுவே எல்லாம் ஒரே உயரத்தில் நிற்கும் கல்வெட்டு எழுத்து. போல்னிசி தேவாலயச் சுவரிலும், பெத்லகேம் அருகே ஒரு மடத்தின் தரைச்சித்திரத்திலும் 5ஆம் நூற்றாண்டிலேயே இருக்கிறது. அதைப் படைத்தவர் பர்னவாஸ் மன்னர் என்பது ஜார்ஜிய மரபு. எங்கள் மெஸ்ரோப் மஷ்தோத்ஸ் என்பது ஆர்மீனிய மரபு. சண்டை ஓயவில்லை. எழுத்துகளின் வரிசையோ கிரேக்கத்தைச் சுட்டுகிறது: முதலில் கிரேக்க முறை, கிரேக்கத்தில் இல்லாத ஒலிகள் பெரும்பாலும் கடைசியில்.

9ஆம் நூற்றாண்டில், சுவடி எழுதும் கைகளின் வேகத்தில் அது சாய்ந்து, கோணலாகி நுஸ்குரி ஆனது. அதுவே மேலும் உருண்டு ம்கெத்ருலி ஆயிற்று. பாட்டனையும் பேரனையும் அருகருகே வைத்தால் உறவே தெரியாது. நடுவில் அப்பனை நிறுத்தினால்தான் முகச்சாயல் பிடிபடும். மூத்த இரண்டும் இன்னும் திருச்சபையில் வழங்குகின்றன. 2016இல் மூன்றையும் சேர்த்தே யுனெஸ்கோ தன் மரபுப் பட்டியலில் ஏற்றியது.

ஆங்கிலத்தில் இருப்பதுபோல் பெரிய எழுத்து, சின்ன எழுத்து என்ற பிரிவு இவர்களுக்கும் கிடையாது. மொழியறிஞர் அக்காகி ஷனீட்ஸே பழைய அசோம்தவ்ருலியைப் பெரிய எழுத்தாகக் கொண்டுவரப் பார்த்தார், யாரும் பின்பற்றவில்லை. தலைப்புகளுக்கு மட்டும் ம்கெத்ருலியையே ஒரே உயரத்துக்கு நிமிர்த்திய 'ம்தவ்ருலி' உண்டு. 2018இல் அதற்கு யூனிகோடில் தனி இடமும் கிடைத்தது. ஆனால் ஒருவர் பெயரின் முதல் எழுத்து மட்டும் தனியே நிமிராது. நிமிர்ந்தால் முழுச் சொல்லும் நிமிர வேண்டும்.