அளவுகோலே பிழையானால்...

வானத்தை ஆராயும் அறிஞர்களுக்குத் தொலைநோக்கியே கண். அந்தக் கண்ணிலேயே குறை நேர்ந்தால் என்னவாகும்? இதற்கு அமெரிக்காவின் ஹப்பிள் விண்வெளித் தொலைநோக்கி தக்கதொரு சான்றாகும்.

பூமியைச் சூழ்ந்த காற்று மண்டலம் விண்மீன்களின் ஒளியைக் கலக்கி விடுகிறது. அத்தடையைக் கடக்கவே, 2.4 மீட்டர் விட்டமுள்ள குழியாடியுடன் ஹப்பிள் 1990 ஏப்ரலில் விண்ணில் நிறுவப்பட்டது. ஆனால், அது அனுப்பிய படங்களில் விண்மீன்கள் கூரிய புள்ளிகளாகத் தெரியவில்லை. மங்கிய ஒளிவட்டம் சூழக் காட்சியளித்தன. காரணம், நாம் இயற்பியல் வகுப்பில் பயிலும் கோளப் பிறழ்ச்சியே. ஆடியின் விளிம்பில் பட்ட ஒளியும் நடுவில் பட்ட ஒளியும் ஒரே இடத்தில் குவியவில்லை. விளிம்பு, இருக்க வேண்டியதைவிடச் சுமார் 2.2 மைக்ரான் தட்டையாக இருந்தது. இது தலைமயிரின் தடிமனில் ஏறத்தாழ ஐம்பதில் ஒரு பங்கு!

ஆடியைச் சரியாக மெருகேற்றவில்லையா? மிக நேர்த்தியாகவே மெருகேற்றினார்கள். ஆனால் தவறான வடிவத்திற்கு! வடிவத்தைச் சோதித்த ஒளியியல் கருவியில் ஒரு வில்லை 1.3 மில்லிமீட்டர் இடம் பிசகிப் பொருத்தப்பட்டிருந்தது. அக்கருவி ‘சரி’ என்று சொல்லும் வரை ஆடி தேய்க்கப்பட்டது.

இதைவிட வருந்தத்தக்கது ஒன்றுண்டு. வேறு இரண்டு சோதனைக் கருவிகள் அந்தக் குறையை அப்போதே காட்டின. அவை நுட்பம் குறைந்தவை என்று கருதி, அவற்றின் முடிவுகளை ஒதுக்கிவிட்டனர்.

எனினும், பிழையின் அளவு திட்டமாகத் தெரிந்ததால் பரிகாரமும் கிடைத்தது. 1993 டிசம்பரில் எண்டெவர் விண்கலத்தில் சென்ற வீரர்கள், ஐந்து முறை விண்வெளியில் இறங்கிப் பணியாற்றினர். எதிர்ப் பிழை கொண்ட சிறு ஆடிகளாலான ‘கோஸ்டார்’ என்னும் கருவியையும், அதே திருத்தம் உள்ளடங்கிய புதிய கேமராவையும் பொருத்தினர். பார்வை மங்கியவருக்கு மூக்குக்கண்ணாடி அணிவித்தது போல, ஹப்பிள் தெளிவாகக் காணத் தொடங்கியது.

நம் ஆய்வுக்கூடத்தில் திருகு அளவியைக் கையில் எடுத்ததும் முதலில் சுழிப் பிழையைப் பார்க்கச் சொல்கிறார்கள். அது வெறும் சடங்கன்று. அளக்கும் பொருளை ஐயுறுமுன் அளக்கும் கருவியை ஐயுற வேண்டும். இரண்டு அளவீடுகள் முரண்பட்டால், எதிர்பார்த்த விடையை வைத்துக்கொண்டு மற்றதை அடித்து விடுகிறோமே, நண்பர்களே! அடிக்கப்பட்ட அந்த எண்ணே உண்மையைச் சொல்லியிருக்கக் கூடும்.