கடலுக்கு ஓர் ஆசான்: பீரீ ரெயிஸும் அவர் எழுதிய ‘கிதாபே பஹ்ரிய்யா’வும்



‘மாலுமி’ என்னும் சொல்லை நாம் அனைவரும் அறிவோம். ஆனால் அச்சொல் பிறந்த கதையை அறிந்தோர் சிலரே. ‘முஅல்லிம்’ என்னும் அரபுச் சொல்லே தமிழில் மாலுமி எனத் திரிந்தது என்று மொழியறிஞர் காட்டுவர். முஅல்லிம் என்றால் கற்பிப்பவர், அதாவது ஆசிரியர். அரபுக்கடலில் கலம் செலுத்தியோர், காற்றையும் விண்மீன்களையும் கற்றறிந்து வழிகாட்டியவரை முஅல்லிம் என்றே அழைத்தனர். மத்ரஸாவில் பிள்ளைகளுக்கு அலிஃப், பா கற்பிக்கும் நானும் ஒரு முஅல்லிம் என்பதால், இச்சொல் என்னை நெடுநாள் சிந்திக்க வைத்தது. கடலிலும் ஆசிரியர் உண்டென்றால் அவருக்குப் பாடநூலும் இருக்க வேண்டுமன்றோ? இருந்தது. அத்தகைய நூல்களுள் தலைசிறந்த ஒன்றையும், அதனை எழுதியவரையும் உங்களுக்கு அறிமுகப்படுத்தவே இக்கட்டுரை.

நிலம் சூழ்ந்த கடல்

உலகப் படத்தை விரித்து வைத்துப் பாருங்கள். ஐரோப்பா, ஆசியா, ஆப்பிரிக்கா ஆகிய மூன்று கண்டங்களுக்கு நடுவே ஒரு கடல் கிடக்கிறது. மத்தியதரைக் கடல் என்று நாம் அழைக்கும் அதனை, அக்கால அரபு நூலோர் ‘பஹ்ருர் ரூம்’ என்றனர். துருக்கியர் ‘அக்தெனிஸ்’, அதாவது வெண்கடல் என்றனர். ஏறத்தாழ 25 இலட்சம் சதுர கிலோமீட்டர் பரப்புடைய இக்கடலுக்கு, மேற்கே தாரிக் பின் ஸியாதின் பெயர் தாங்கிய ஜிப்ரால்டரில் சுமார் 14 கிலோமீட்டர் அகலமே உள்ள நீரிணைதான் பெருங்கடலுக்கு வாயில். தென்கிழக்கே சூயஸ் கால்வாய் 1869-இல்தான் திறக்கப்பட்டது.

நிலம் சூழ்ந்த கடல்தானே என்று எளிதாக எண்ணிவிடாதீர்கள். எண்ணற்ற தீவுகள், நீருக்குள் மறைந்த பாறைகள், திடீரென்று திசை மாறும் காற்றுகள், ஒரே கரையில் அடுத்தடுத்து நட்பும் பகையுமான கோட்டைகள் என அத்தனையும் நிறைந்த கடல் அது. எந்தக் குடாவில் நங்கூரம் பாய்ச்சலாம், எந்தத் தீவில் குடிநீர் கிடைக்கும் என்பதை அறியாதவன் அங்கே உயிரோடு திரும்புவது அரிது. ஆகவே கரைதோறும் வழி சொல்லும் கையேடுகளை இத்தாலிய மாலுமிகள் 13-ஆம் நூற்றாண்டிலேயே எழுதி வைத்திருந்தனர். அவற்றையெல்லாம் விஞ்சும் ஒரு நூலை உஸ்மானியத் துருக்கியின் மாலுமி ஒருவர் 16-ஆம் நூற்றாண்டில் எழுதினார். அவரே பீரீ ரெயிஸ். ‘ரெயிஸ்’ என்பது கப்பல் தலைவரைக் குறிக்கும் பட்டம்.

கண்ணீர் சுமந்த கலங்கள்

தார்தனெல்ஸ் நீரிணைக் கரையிலுள்ள கலிப்போலி அவருடைய ஊர். அவரை வளர்த்து ஆளாக்கியவர், புகழ்பெற்ற கடல் வீரரான சிறிய தந்தை கமால் ரெயிஸ். அந்தலூஸின் கடைசி முஸ்லிம் அரசான கர்னாதா வீழ்ந்துகொண்டிருந்த காலம் அது. 1492 ஜனவரியில் அந்நகரம் கைமாறியது. வாழ வழியற்றுக் கரையில் நின்ற முஸ்லிம்களையும் யூதர்களையும் தம் கலங்களில் ஏற்றிப் பாதுகாப்பான கரைகளில் சேர்த்தவர்களுள் கமால் ரெயிஸ் முதன்மையானவர். அக்கலங்களில் இளைஞர் பீரீயும் இருந்தார். வழி தெரிந்தவன் கலம் செலுத்தினால் குழந்தைகள் கரை சேரும். தெரியாதவன் செலுத்தினால் அவர்களும் மூழ்குவர். வழியறிவின் மதிப்பை அவர் கற்ற பள்ளிக்கூடம் இதுவே.

1511-ஆம் ஆண்டு வாக்கில் கமால் ரெயிஸ் கப்பலுடன் கடலில் மூழ்கி மறைந்தார். கடலை உள்ளங்கைபோல் அறிந்த மனிதரின் அறிவு அவரோடு போயிற்று. அதன் பின்னரே பீரீ ரெயிஸ் கலிப்போலியில் அமர்ந்து எழுதுகோலை எடுத்தார் என்பதை வாசகர்கள் கருத்தில் கொள்ள வேண்டும்.

1513-இல் அவர் ஓர் உலகப்படம் வரைந்தார். 1517-இல் கெய்ரோவில் சுல்தான் முதலாம் ஸலீமிடம் அதனை அளித்தார். 1929-இல் தொப்காப்பி அரண்மனையில் அதன் ஒரு பகுதி கண்டெடுக்கப்பட்டபோது உலகமே வியந்தது. அதில் பனிக்கண்டமான அண்டார்க்டிகா காணப்படுகிறது என்று சிலர் எழுதுவதுண்டு. அதற்கு ஆதாரமில்லை, அத்தகைய கற்பனைப் பெருமை நமக்குத் தேவையும் இல்லை. உண்மையான பெருமை அப்படத்தின் ஓரக் குறிப்புகளில் இருக்கிறது. ஏறத்தாழ 20 படங்களைப் பார்த்தே இதை வரைந்ததாகவும், அவற்றுள் கொலம்பஸ் வரைந்த படமும் ஒன்று என்றும் அவரே எழுதியுள்ளார். கொலம்பஸுடன் மும்முறை பயணம் செய்த ஸ்பானியக் கைதி ஒருவர் கூறிய செய்திகளையும் குறித்திருக்கிறார். ஹதீஸ் கலையில் ‘ஸனது’ எவ்வளவு இன்றியமையாதது என்பதை நாம் அறிவோம். மாற்றாரிடம் பெற்றதை மறைக்காமல் சொன்ன அந்த நேர்மையும் அவ்வகைப்பட்டதே.

நூலின் அமைப்பு

1521-இல் ‘கிதாபே பஹ்ரிய்யா’, அதாவது ‘கடல் நூல்’ முதன்முதலில் நிறைவு பெற்றது. படம் இருக்க நூல் எதற்கு? பீரீ ரெயிஸே விடை கூறுகிறார். படம் என்பது சுருக்கம். பத்து மைல் நீளமுள்ள கரையைக் காட்டப் படத்தில் சில புள்ளிகளுக்கே இடமுண்டு. பாறை, மணல்திட்டு, நீரோட்டம், பாழடைந்த கோட்டை ஆகியவற்றை அதில் அடக்க இயலாது. ஆகவே அவர் ஒவ்வொரு தீவுக்கும் துறைமுகத்துக்கும் தனித்தனிப் படமும் விளக்கமும் தந்தார். ஆழமற்ற இடத்துக்குப் புள்ளிகள், நீருக்குள் மறைந்த பாறைக்குச் சிலுவைக் குறி என அடையாளங்களையும் வகுத்தார்.

கலிப்போலியில் தொடங்கும் நூல் கிரேக்கத் தீவுகள், வெனிஸ், இத்தாலி, பிரான்ஸ், ஸ்பெயின் கரைகளைச் சுற்றி, வட ஆப்பிரிக்கா வழியாக மிஸ்ரையும் ஷாமையும் தொட்டு, மீண்டும் துருக்கிக் கரைக்கே வந்து சேர்கிறது. வழியெங்கும் அவருடைய நினைவுகளும் கலந்துள்ளன. தாமும் சிறிய தந்தையும் குளிர்காலத்தைக் கழித்த அல்ஜீரியக் கரையின் பிஜாயா நகரை அவர் அன்புடன் விவரிக்கிறார். அந்நகரை 1510-இல் ஸ்பானியர் கைப்பற்றிவிட்டனர்.

1524-இல் வஸீர் இப்ராஹீம் பாஷா எகிப்துக்குக் கடற்பயணம் மேற்கொண்டார். வழிகாட்டியவர் பீரீ ரெயிஸ். அவர் அடிக்கடி ஏதோ ஒரு நூலைப் புரட்டிப் பார்ப்பதைப் பாஷா கண்டார். அதனைச் செம்மைப்படுத்தித் தருமாறு கேட்டுக்கொண்டார். 1526-இல் விரிவாக்கப்பட்ட பதிப்பு சுல்தான் சுலைமானுக்கு அளிக்கப்பட்டது. 200-க்கும் மேற்பட்ட அத்தியாயங்கள், முன்னுரையோ செய்யுளில். போர்த்துக்கீசியர் இந்தியப் பெருங்கடலில் நுழைந்துவிட்ட செய்தியையும் அம்முன்னுரை பேசுகிறது.

முடிவும் படிப்பினையும்

அந்தப் போர்த்துக்கீசியரை எதிர்க்கும் பொறுப்பு முதுமையில் அவர் தோளிலேயே விழுந்தது. 1552-இல் மஸ்கத்தை வென்றார்; ஹுர்முஸ் கோட்டையை வெல்ல இயலவில்லை. கலங்களில் பெரும்பாலானவற்றைப் பஸராவில் விட்டுவிட்டுச் சிலவற்றுடன் சூயஸ் திரும்பினார். அதனைக் குற்றமாகக் கொண்டு, 1553-ஆம் ஆண்டு வாக்கில் கெய்ரோவில் அவருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. இன்னாலில்லாஹி வஇன்னா இலைஹி ராஜிஊன்.

நூலின் கதியும் எண்ணிப் பார்க்கத் தக்கது. அதன் கையெழுத்துப் படிகள் 40-க்கும் மேல் இஸ்தான்பூல், லண்டன், பாரிஸ், அமெரிக்காவின் பால்டிமோர் முதலிய நகரங்களில் உள்ளன. பிற்காலப் படிகள் பல பொன்னும் வண்ணமும் தீட்டப்பட்டுச் செல்வர் வீட்டு நூலகங்களை அலங்கரித்தன. கப்பல் தளத்தில் உப்புக்காற்றில் புரட்டப்பட வேண்டிய நூல் பேழையில் உறங்கியது. துருக்கியில் முழு நூலும் நகலச்சாக வெளிவந்தது 1935-இல்தான்.

வாசகர்களே! முன்னோரின் புகழை மேடையில் முழங்குவது எளிது. கமால் ரெயிஸின் அறிவு கடலோடு போனது. பீரீ ரெயிஸின் அறிவு, அவர் உயிர் பறிக்கப்பட்ட பின்னும் நின்றது. இரண்டுக்கும் இடையே உள்ள வேறுபாடு எழுதி வைத்ததுதான். உங்கள் வீட்டில் கடலோடிய பாட்டனார் இருக்கலாம். கைமருந்து அறிந்த பாட்டியார் இருக்கலாம். தொழில் நுணுக்கம் அறிந்த தந்தையார் இருக்கலாம். அவர்கள் அறிந்ததைக் கேளுங்கள். யார் சொன்னது என்ற குறிப்போடு எழுதி வையுங்கள். எழுதியதை அலமாரியில் பூட்டாமல் பிள்ளைகளிடம் படிக்கக் கொடுங்கள். இன்று இரவு உணவுக்குப் பின் ஒரு குறிப்பேட்டுடன் அவர்கள் அருகில் அமர்ந்தாலே போதும். பயனுள்ள கல்வியை நமக்கும் நம் சந்ததியினருக்கும் வல்ல அல்லாஹ் அருள்வானாக!